பேசி முடிக்க விடுங்கள்: எடுவார்டோ கோட்டின்யோவை முன்வைத்துத் திரைப்படச் சங்கத்தாருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய திரைப்படச் சங்க நிர்வாகிகளுக்கும், அயல்மொழிப் படங்களுக்குச் சப்டைட்டில் எழுதும் நண்பர்களுக்கும்,

வணக்கம்.

பல ஆண்டுகளாகத் திரையிடல்களில் புரொஜெக்டர் பக்கத்தில் நின்றவன் என்ற உரிமையில் இதை எழுதுகிறேன். கோரிக்கையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிரேசில் நாட்டு ஆவணப்பட இயக்குநர் எடுவார்டோ கோட்டின்யோவின் படங்களை நீங்கள் திரையிட வேண்டும். தமிழ்ச் சப்டைட்டிலோடு திரையிட வேண்டும். தொடங்கிய படத்தை நடுவில் நிறுத்தாமல் முடிய விட வேண்டும். இவை மூன்றும் ஒரே கோரிக்கைதான் என்பதை அந்த மனிதரின் வாழ்க்கையைச் சொன்னால்தான் விளங்க வைக்க முடியும் என்பதால் மடல் சற்று நீளும். பொறுத்தருள்க.

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு நகரத்தில் நடந்த ஞாயிற்றுக்கிழமைத் திரையிடலில் கோட்டின்யோவின் 'எடிஃபீசியோ மாஸ்டர்' (2002) ஓடிக்கொண்டிருந்தது. ரியோ டி ஜெனீரோவின் கோபகபானா பகுதியில் உள்ள பன்னிரண்டு மாடிக் குடியிருப்பு ஒன்றின் பெயர் அது. அதில் 276 வீடுகள். ஏறக்குறைய 500 பேர் வசிக்கிறார்கள். அவர்களில் சிலர் ஒருவர் பின் ஒருவராகத் தங்கள் வீட்டில் அமர்ந்து பேசுகிறார்கள் என்பதைத் தவிர அந்தப் படத்தில் வேறு எதுவும் நடப்பதில்லை. அரங்கின் காவலாளி கதவருகே ஸ்டூல் போட்டு உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். ஆங்கில வரிகளை அவரால் படிக்க இயலாது. ஒரு கட்டத்தில் என் பக்கம் சாய்ந்து, "அந்தப் பொண்ணு என்ன சார் சொல்லுது?" என்று கேட்டார். திரையில், பாலியல் தொழிலில் இருக்கும் ஓர் இளம்பெண், நன்றாகப் பொய் சொல்ல வேண்டுமானால் அந்தப் பொய்யைத் தானே நம்ப வேண்டியிருக்கிறது என்று சிரித்தபடியே விளக்கிக்கொண்டிருந்தார். நான் காதோடு காதாகத் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். காவலாளி திரையிலிருந்து கண்ணை எடுக்காமல், என் வாய்ச்சொல்லுக்கும் அந்தப் பெண்ணின் முகத்துக்கும் நடுவில் காதை மட்டும் என் பக்கம் கொடுத்திருந்தார். அந்த நேரத்தில் விளக்குகள் எரிந்தன. சிறப்பு விருந்தினருக்கு ரயிலுக்கு நேரமாகிவிட்டதால் அவருடைய உரையை முன்னதாக வைத்துக்கொள்ளலாம் என்று அமைப்பாளர்கள் முடிவு செய்திருந்தார்கள். உரை முடிந்தது, நன்றியுரை முடிந்தது, படம் மறுபடி ஓடவில்லை. நாற்காலிகளை அடுக்கும்போது காவலாளி என்னிடம், "சார், அந்தப் பொண்ணு இன்னும் பேசி முடிக்கலையே?" என்றார்.

அந்தக் கேள்வியை உங்கள் முன் கொண்டுவந்து வைப்பதற்காகவே இந்த மடல்.

கோட்டின்யோ 1933ஆம் ஆண்டு மே 11ஆம் நாள் சாவோ பாவ்லோவில் பிறந்தார். சட்டம் படிக்கச் சேர்ந்து முடிக்காமல் விட்டார். பத்திரிகையில் பிரதி திருத்தும் வேலை பார்த்தார். 1957இல் சார்லி சாப்ளினைப் பற்றிய கேள்விகளுக்குப் பதில் சொல்லித் தொலைக்காட்சி வினாடி வினா ஒன்றில் வென்ற பரிசுப் பணத்தோடு ஐரோப்பாவுக்குப் புறப்பட்டு, பாரிஸில் இருந்த புகழ்பெற்ற திரைப்படப் பள்ளியில் படித்துவிட்டு 1960இல் நாடு திரும்பினார். பிரேசிலின் மாணவர் சங்கம் அப்போது மக்கள் பண்பாட்டு மையம் ஒன்றை நடத்திவந்தது. நாடகம், பாட்டு, சினிமா ஆகியவற்றைக் கட்சி அரசியலோடும் நில உரிமைப் போராட்டங்களோடும் இணைத்துப் பார்த்த அந்த இளைஞர் கூட்டத்தில் கோட்டின்யோவும் ஒருவரானார். மாணவர் சங்கத்தின் பயணக் குழுவோடு 1962இல் வடகிழக்குப் பகுதிக்குப் போனபோதுதான் அவருடைய வாழ்க்கையின் பாதை தீர்மானமாயிற்று.

பாரைபா மாநிலத்தின் சாப்பே என்ற ஊரில் விவசாயிகள் சங்கத்தின் தலைவராக இருந்த ஜுவாவ் பெட்ரோ தெய்ஷெய்ரா, 1962 ஏப்ரல் 2ஆம் நாள் வீட்டுக்குத் திரும்பும் வழியில் மறைந்திருந்தவர்களால் சுட்டுக் கொல்லப்பட்டார். கரும்புத் தோட்ட முதலாளிகளின் நிலத்தில் குத்தகைக்கு உழுதவர்களை ஒன்று சேர்த்தது அவர் செய்த குற்றம். கொலையைக் கண்டித்து அடுத்த வாரங்களில் நடந்த பேரணியைப் படம்பிடிக்கப் போன கோட்டின்யோ, அங்கே ஜுவாவ் பெட்ரோவின் மனைவி எலிசபெத்தையும் அவருடைய பிள்ளைகளையும் சந்தித்தார். ஜுவாவ் பெட்ரோவின் கதையைக் கதைப்படமாகவே எடுப்பது, அந்தக் கதையில் எலிசபெத் தம் வேடத்தைத் தாமே ஏற்று நடிப்பது, மற்ற வேடங்களை விவசாயிகளே ஏற்பது என்று முடிவாயிற்று. சாப்பேயில் கலவரச் சூழல் நிலவியதால் படப்பிடிப்பு பெர்னாம்புகோ மாநிலத்தின் கலிலேயா என்ற தோட்டத்துக்கு மாறியது.

கலிலேயாவைப் பற்றி ஒரு செய்தியைச் சொல்லாமல் கடக்க முடியவில்லை. பிரேசிலின் விவசாயிகள் சங்க இயக்கம் 1955இல் பிறந்த இடம் அது. சங்கம் தொடங்கிய நோக்கங்களில் ஒன்று சவப்பெட்டி. செத்துப்போன ஏழையை நகராட்சி இரவல் கொடுக்கும் பெட்டியில் வைத்து இடுகாடுவரை தூக்கிப் போய், உடலைக் குழியில் இறக்கிவிட்டு, அடுத்த பிணத்துக்காகப் பெட்டியைத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும் என்பது அன்றைய நடைமுறை. சொந்தப் பெட்டியோடு மண்ணுக்குள் போக வேண்டும் என்று கூடியவர்கள்தான் பிறகு சொந்த நிலத்தையும் கேட்டார்கள். 1959இல் அந்தத் தோட்டம் அவர்கள் கைக்கு வரவும் செய்தது.

படப்பிடிப்பு 1964 பிப்ரவரி இறுதியில் தொடங்கியது. ஐந்து வாரங்களில், ஏப்ரல் 1ஆம் நாள், இராணுவம் ஆட்சியைப் பிடித்தது. படைவீரர்கள் கலிலேயாவுக்குள் புகுந்து கேமராவையும் பிற கருவிகளையும் கைப்பற்றினார்கள். படக்குழுவில் சிலரும் விவசாயிகளின் தலைவர்களும் கைதானார்கள். முன்பே ரியோவில் இருந்த லேபுக்கு அனுப்பப்பட்டிருந்த நெகட்டிவ் சுருள்கள் மட்டும் தப்பின. எலிசபெத் சிறையிலிருந்து வெளிவந்த பிறகு, பதினொரு பிள்ளைகளில் ஒருவனை மட்டும் அழைத்துக்கொண்டு ரியோ கிராண்டே டோ நோர்டே மாநிலத்தின் சாவோ ரஃபாயேல் என்ற சிற்றூருக்குப் போய் வேறொரு பெயரில் வாழத் தொடங்கினார். துணி துவைத்தும் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுத்தும் பிழைத்தார். மற்றப் பிள்ளைகள் உறவினர் வீடுகளில் சிதறிப்போனார்கள்.

பதினேழு ஆண்டுகள் கழித்து, பொதுமன்னிப்புச் சட்டம் வந்த பிறகு, 1981இல் கோட்டின்யோ மறுபடி வடகிழக்குக்குப் போனார். இம்முறை அவரிடம் திரைக்கதை கிடையாது. கலிலேயாவில் மாலையில் திரை கட்டி, 1964இல் எடுத்த துண்டுகளை, அதில் நடித்த விவசாயிகளுக்கே போட்டுக் காட்டினார். நரைத்த தலைகள் இருட்டில் தங்கள் இளமையைப் பார்த்து, ஒருவரையொருவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டுச் சிரிக்கின்றன. செத்துப்போனவர்களும் திரையில் வந்து போகிறார்கள். பிறகு ஒவ்வொருவர் வீட்டுக்கும் போய், இடைப்பட்ட காலத்தில் என்ன நடந்தது என்று கேட்டார். சிறையில் நடந்த சித்திரவதையில் ஒரு கண்ணை இழந்தவர் அதை விவரிக்கிறார். படக்குழு அன்று ஓடும்போது விட்டுப்போன புத்தகத்தை ஒரு குடும்பம் பதினேழு ஆண்டுகள் பத்திரமாக வைத்திருந்து எடுத்து வருகிறது. வீட்டு மகன் அதிலிருந்து வாசித்துக் காட்டுகிறார். இப்படி முடிந்த படம் 1984இல் 'கப்ரா மார்க்காடோ பரா மோரேர்' (சாவுக்குக் குறிக்கப்பட்ட ஆள்) என்ற, 1964இல் வைத்த பழைய பெயரோடேயே வெளிவந்தது.

இந்தப் படத்தில் நீங்கள் கவனிக்க வேண்டும் என்று நான் விரும்பும் இடங்கள் இரண்டு.

அன்று ஜுவாவ் பெட்ரோவாக நடித்த விவசாயியின் பெயர் ஜுவாவ் மரியானோ. 1981இல் அவர் வீட்டு வாசலில் நின்று பேசத் தொடங்கும்போது மைக்கில் காற்று அடிக்கிறது. ஒலிப்பதிவு சரியில்லை என்று நிறுத்தச் சொல்கிறார்கள், மைக்கைச் சரிசெய்கிறார்கள், தொடருங்கள் என்கிறார் கோட்டின்யோ. அவர் தொடரவில்லை. தொண்டை வரை வந்த சொல் உள்ளே போய்விட்டது. கேமரா ஓடிக்கொண்டே இருக்கிறது, அவர் நிற்கிறார், நாம் பார்க்கிறோம். மன்றாடிக் கேட்ட பிறகே மெல்ல வாய் திறக்கிறார். எந்தப் படத்தொகுப்பாளரும் வெட்டியெறிந்திருக்கக்கூடிய அந்த மௌனத்தைக் கோட்டின்யோவும் படத்தொகுப்பாளர் எடுவார்டோ எஸ்கோரெலும் அப்படியே வைத்திருக்கிறார்கள். ஒருவரை நடுவில் நிறுத்தினால் என்ன ஆகும் என்பதைத் தன்னுடைய பிழையாகவே படத்தில் வைத்துக் காட்டிய இயக்குநர் அவர். அன்று அரங்கில் விளக்கு எரிந்தபோது எனக்கு நினைவு வந்த இடமும் இதுதான்.

மற்றொன்று எலிசபெத்தின் நேர்காணல். அது ஒரே நாளில் எடுத்ததன்று. முதல் நாள் மூத்த மகன் பக்கத்தில் இருந்துகொண்டு, எந்த ஆட்சியையும் தாங்கள் நம்புவதில்லை என்பதைப் பதிவு செய்ய வேண்டும் என்று கோட்டின்யோவை வற்புறுத்துகிறார். எலிசபெத்தோ குடியரசுத் தலைவருக்கு நன்றி சொல்லி, சொற்களை எடைபோட்டுப் பேசுகிறார். பதினேழு ஆண்டுகள் பொய்ப் பெயரில் வாழ்ந்தவர் வேறெப்படிப் பேசுவார்? அடுத்தடுத்த நாள்களில் குரல் தளர்கிறது, நினைவுகள் வருகின்றன, அக்கம்பக்கத்தாருக்குத் தன் உண்மைப் பெயரைச் சொல்கிறார். கடைசியில் படக்குழு வண்டியில் ஏறிப் புறப்படும் நேரத்தில், விடைபெற்றுவிட்ட நேரத்தில், 1962இன் மேடைப் பேச்சாளர் அவருக்குள்ளிருந்து எழுந்து வருகிறார். பசியும் அரைவயிற்றுக் கூலியும் இருக்கும்வரை போராட்டமும் இருக்கும் என்று கையை வீசிப் பேசுகிறார். முதல் நாள் பேச்சை முழுதாகக் கேட்டவருக்குத்தான் கடைசிப் பேச்சின் உயரம் தெரியும். அவர் ஒளிந்திருந்த பழைய சாவோ ரஃபாயேல் 1983இல் அணையின் நீருக்குள் மூழ்கிப்போனது. எலிசபெத் 1925இல் பிறந்தவர்.

1964க்கும் 1981க்கும் இடைப்பட்ட அந்தப் பதினேழு ஆண்டுகள் கோட்டின்யோ சும்மா இருக்கவில்லை. சில கதைப்படங்களை இயக்கினார், மற்றவர்களுக்குத் திரைக்கதை எழுதினார். அவற்றை விரித்துச் சொல்லத் தேவையில்லை. 1975 முதல் குளோபோ தொலைக்காட்சியின் ஆவண நிகழ்ச்சியில் பணியாற்றிய ஆண்டுகள் முக்கியமானவை. இராணுவ ஆட்சி, தணிக்கை, பெரிய நிறுவனத்தின் கால அட்டவணை ஆகியவற்றுக்கு நடுவில் அவர் கேட்கக் கற்றுக்கொண்டார். 1976இல் பெர்னாம்புகோவின் ஓரிக்குரி என்ற ஊரில் வறட்சியைப் படம்பிடித்தபோது, பஞ்ச காலத்தில் தின்ற கிழங்குகளையும் வேர்களையும் ஒவ்வொன்றாகக் காட்டி ஒருவர் பேசுகிறார். மூன்று நிமிடத்துக்கும் மேலாக ஒரே ஷாட். நேரத்தை நொடிக்கணக்கில் விற்கும் தொலைக்காட்சியில் அது எப்படித் தப்பித்தது என்று இன்றும் வியக்கிறேன். இரண்டு ஆண்டு கழித்து, வடகிழக்கின் பெருநிலக்கிழார் ஒருவரைப் பற்றிய படத்தில், அவரையே தொகுப்பாளராக்கி, அவர் தம் பண்ணையாள்களைத் தாமே பேட்டி காணும்படி விட்டுவிட்டார். கண்டிக்கும் பின்னணிக் குரல் எதுவும் அங்கே தேவைப்படவில்லை. அந்த மனிதரின் வாயிலிருந்தே எல்லாம் வந்துவிட்டது.

பிற்காலப் படங்களில் இந்தப் பழக்கம் ஒரு முறைமையாகவே உறுதிப்பட்டது. படக்குழுவின் ஆய்வாளர்கள் முன்கூட்டியே போய் மக்களைச் சந்தித்துப் பேசிவிட்டு வருவார்கள். கோட்டின்யோ மட்டும் படப்பிடிப்பு நாள்வரை அவர்களைச் சந்திக்க மாட்டார். ஒரு கதையைத் தன்னிடம் முதன்முதலாகச் சொல்லும்போது இருக்கும் உயிர் இரண்டாம் முறை இருக்காது என்பது அவர் கண்ட உண்மை. எடுக்கும் இடம் ஒன்றே ஒன்றாக இருக்கும்: ஒரு குப்பைமேடு, ஒரு குன்றுச் சேரி, ஒரு கட்டடம், ஒரு மேடை. பேசுகிறவர் தன் தாயைப் பற்றிச் சொன்னால் தாயின் புகைப்படத்தை இடையில் செருகுவது, சோகத்துக்குப் பின்னணி இசை சேர்ப்பது போன்ற எதையும் அவர் செய்வதில்லை. முகமும் குரலும் போதும் என்று நம்பினார்.

அந்த நம்பிக்கை சும்மா வந்துவிடவில்லை. ரியோவுக்கு எதிர்க்கரையில் சாவோ கொன்சாலோவின் குப்பைமேட்டில் 'போக்கா டி லிஷோ' படத்தை எடுக்கப் போனபோது, குப்பை பொறுக்குபவர்கள் துணியால் முகத்தை மூடிக்கொண்டார்கள். இதை எங்கள் முகத்துக்கு நேரே நீட்டுவதால் உங்களுக்கு என்ன கிடைக்கிறது என்று ஒரு சிறுவன் கேட்டான். அந்தக் கேள்வி படத்தில் இருக்கிறது. கோட்டின்யோ படமெடுத்த முகங்களைத் தாளில் நகலெடுத்துக்கொண்டு மறுபடி அங்கே போய், இது யார், இது யார் என்று காட்டியபோதுதான் மக்கள் துணியை இறக்கிப் பேச வந்தார்கள். 'சாந்தோ ஃபோர்ட்டே' (1999) படத்தில், பேசியவர்களுக்குப் பணம் கொடுப்பதையும் திரையில் காட்டிவிடுகிறார். மறைக்க வேண்டியது என்று மற்றவர்கள் நினைப்பதை அவர் கணக்கில் எழுதிவைக்கிறார். 'எடிஃபீசியோ மாஸ்டர்' படமே, கட்டடத்தின் கண்காணிப்புக் கேமராவில் படக்குழு உள்ளே நுழைவதிலிருந்து தொடங்குகிறது. வந்தவர்கள் யார் என்பது முதலில் தெரிந்துவிட வேண்டும்.

'ஜோகோ டி சேனா' (2007) படத்துக்குச் செய்தித்தாளில் விளம்பரம் கொடுத்தார். தங்கள் கதையைச் சொல்ல 83 பெண்கள் வந்தார்கள். தேர்ந்தெடுத்தவர்களை ரியோவின் அரங்கம் ஒன்றில், காலி நாற்காலிகளுக்கு முதுகு காட்டி, மேடையில் அமர்த்திப் பேச வைத்தார். பிறகு அதே கதைகளை நடிகைகளைக் கொண்டு சொல்ல வைத்து, இரண்டையும் கோத்தார். எது வாழ்ந்தவரின் கண்ணீர், எது நடிப்பவரின் கண்ணீர் என்று பார்ப்பவர் தடுமாறுகிறார். பெயர்பெற்ற நடிகை ஃபெர்னாண்டா டோரஸ் நடுவிலேயே நிறுத்தி, தன்னால் முடியவில்லை என்கிறார். உண்மையாக வாழும் ஒருத்தியின் சொற்களைத் தன் வாயில் போட்டுக்கொள்வது எத்தனை கடினம் என்பதை அந்த இடறல் சொல்வதுபோல் எந்த நடிப்பும் சொல்லியிருக்காது.

2014 பிப்ரவரி 2ஆம் நாள், தம் 80ஆம் வயதில், மனநோயால் பாதிக்கப்பட்டிருந்த மகனின் கையால், ரியோவில் தம் வீட்டிலேயே கோட்டின்யோ இறந்தார். அவரை அறிமுகப்படுத்தும்போது இந்தச் சாவிலிருந்து தொடங்காதீர்கள் என்று தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன். அந்தக் குடும்பத்தின் துயரத்துக்கும் அவருடைய படங்களுக்கும் தொடர்பில்லை. பள்ளி இறுதி வகுப்பு மாணவர்களோடு அவர் எடுத்துவைத்திருந்த உரையாடல்களை, நெடுநாள் உடனிருந்த படத்தொகுப்பாளர் ஜோர்தானா பெர்க் தொகுக்க, அவருடைய தயாரிப்பாளர் ஜுவாவ் மொரெய்ரா சாலஸ் முடித்து, அது 'ஊல்டிமாஸ் கொன்வெர்சாஸ்' என்று 2015இல் வெளிவந்தது. அதன் தொடக்கத்தில் கோட்டின்யோவே பேசுபவரின் நாற்காலியில் வந்து உட்கார்ந்து, இந்தப் படம் கைகூடவில்லை என்று அலுத்துக்கொள்கிறார். இறுதியில் ஆறு வயதுச் சிறுமி ஒருத்தி அதே நாற்காலியில் அமர்ந்து கடவுளைப் பற்றிப் பேச, கிழவரின் முகத்தை நாம் பார்க்காமலேயே அவர் மகிழ்ந்துபோயிருப்பது குரலில் தெரிகிறது.

இனி சப்டைட்டில் நண்பர்களுக்கு. மற்ற இயக்குநர்களின் படங்களில் வரிகளைத் தவறவிட்டாலும் காட்சி கைகொடுக்கும். கோட்டின்யோவிடம் காட்சி என்பதே பேச்சுதான். ஆங்கில வரிகளோடு இவரைத் திரையிடுவது, கதவருகே ஸ்டூலில் இருப்பவரை வெளியே அனுப்புவதற்குச் சமம். அவரோ வாழ்நாள் முழுக்க அப்படிப்பட்டவர்களைத் தேடிப் போனவர். ஆகவே தமிழில் எழுதுங்கள். எழுதும்போது பேச்சுத் தமிழில் எழுதுங்கள். கலிலேயா விவசாயியின் வாயில் செய்தி வாசிப்பாளரின் தமிழை வைக்க வேண்டாம். திக்கி நின்ற இடத்தைச் சீராக்க வேண்டாம். சொன்னதையே திருப்பிச் சொன்னால் நீங்களும் திருப்பி எழுதுங்கள். எலிசபெத்தின் முதல் நாள் தமிழும் கடைசி நாள் தமிழும் ஒன்றாக இருந்தால் மொழிபெயர்ப்பு தோற்றுவிட்டது என்று பொருள். படத்தின் பெயரிலேயே இந்தச் சிக்கல் தொடங்குகிறது. 'கப்ரா' என்றால் போர்த்துகீசியத்தில் ஆடு. பிரேசிலின் வடகிழக்கில் அது ஆள், கூலிக்காரன் என்றும் வழங்கும். ஆங்கிலப் பெயரில் அந்த ஆடு காணாமல் போய்விட்டது. நமக்கோ 'நேர்ந்துவிட்ட ஆடு' என்ற சொல்வழக்கு கையிலேயே இருக்கிறது. நான் 'சாவுக்கு நேர்ந்துவிட்டவன்' என்று எழுதிவைத்திருக்கிறேன். இதைவிடப் பொருத்தமானது உங்களிடம் இருந்தால் மகிழ்ச்சியோடு மாற்றிக்கொள்வேன்.

நிர்வாகிகளுக்கு நடைமுறை சார்ந்து ஒன்று. இவருடைய படங்கள் சிலவற்றைப் பிரேசிலின் மொரெய்ரா சாலஸ் நிறுவனம் டிவிடியாக வெளியிட்டிருக்கிறது. உரிமை கேட்டு எழுத அது நல்ல தொடக்க இடம். ஒரே மாதத்தில் எல்லாவற்றையும் திணிக்க வேண்டாம். முதலில் 1984ஆம் ஆண்டுப் படம். அது இரண்டு மணி நேரம். அன்று வேறு நிகழ்ச்சி வேண்டாம், உரை வேண்டாம், பொன்னாடை வேண்டாம். அடுத்த மாதம் 'எடிஃபீசியோ மாஸ்டர்'. அதன் தமிழ் வரிகளை அந்த இளம்பெண்ணின் பேச்சு முடியும் இடம்வரை எழுதி முடித்துவிட்டேன், மீதியை எழுதிக்கொண்டிருக்கிறேன். திரையிடும் சங்கம் எதுவானாலும் கட்டணமின்றி அனுப்பிவைக்கிறேன். தேதியை மட்டும் இரண்டு வாரத்துக்கு முன்னால் தெரிவியுங்கள். அந்தக் காவலாளி இப்போது வேறொரு இடத்தில் வேலை பார்க்கிறார். அவருக்கு இரவு ஷிஃப்டை மாற்றிக்கொள்ள அவகாசம் வேண்டும்.

இப்படிக்கு,
உங்கள் திரையிடல்களில் புரொஜெக்டர் இயக்கும் ஒருவன்